முனிலட்சுமியின் பங்கு

சூளகிரியில் பஸ்ஸை விட்டு இறங்கி, ரோஜாத் தோட்டங்களைத் தாண்டி ரேவதி அப்பா வீட்டுக்கு வந்து சேர்ந்தபோது வானம் இருட்டிக்கொண்டு நின்றது. வாசலில் அண்ணன் குருமூர்த்தியின் கார். பக்கத்தில் கோர்ட் அனுப்பிய வக்கீல் கமிஷனர் அன்புமணியின் ஸ்கூட்டர். பாகப்பிரிவினை வழக்கில் வீட்டை அளந்து, அண்ணன் தங்கை இருவருக்கும் எப்படிப் பிரிக்கலாம் என்று அவர் அறிக்கை கொடுக்க வேண்டும்.

வீடு, நிலம் எதிலும் ரேவதிக்குத் தகராறு இல்லை. பின்கட்டில் இருந்த கன்னிச்சாமி அறையை மட்டும் பொதுவில் விடச் சொன்னாள். எட்டு வயதில் கிணற்றில் விழுந்து செத்துப்போன அக்கா முனிலட்சுமிதான் அந்த அறையின் சாமி. கல்யாணமாகாமல் போன பெண்பிள்ளையை வீட்டிலேயே வைத்துக் கும்பிடுவது அந்தக் குடும்பத்து வழக்கம். வருஷா வருஷம் ஆடியில் புதுப் பாவாடை எடுத்து, மஞ்சள் தடவி, மூங்கில் கூடையில் வைத்து மூடுவார்கள். இந்த ஆடிக்குப் பச்சைப் பாவாடை வைத்தது ரேவதிதான்.

"அந்த ரூமை நான் தொடுவனா புள்ள? நம்ம முனிலட்சுமி இருக்கிற இடமாச்சே" என்று தலையில் அடித்துச் சத்தியம் செய்தான் குருமூர்த்தி. பாவி மனுஷன்! பின்கட்டும் சேர்ந்தால்தான் வாங்குவேன் என்று ஒரு கம்பெனிக்காரன் சொன்னதும் கூண்டில் ஏறி, "அது வெறும் சாமான் ரூம். அங்க சாமியும் இல்ல, யாரும் இல்ல" என்று சாட்சி சொல்லிவிட்டான்.

கதவைத் திறந்தார்கள். உள்ளே உர மூட்டைகளும் சொட்டுநீர்க் குழாய்களும் கூரை வரை அடுக்கியிருந்தன. கூடையைக் காணோம்.

"கூடை எங்கண்ணா?"

அவன் கமிஷனருக்குக் கேட்காமல் முணுமுணுத்தான். "கிணத்துல விட்டுட்டேன். சாமி சாமானைத் தண்ணியிலதானே விடணும்?"

எந்தக் கிணற்றிலிருந்து அப்பா அக்காவைத் தூக்கி வந்தாரோ, அதே கிணற்றில் கூடப்பிறந்தவனே திருப்பித் தள்ளியிருக்கிறான். இவனையா இத்தனை நாள் நம்பினோம் என்று நினைக்கவே ரேவதிக்கு அருவருப்பாக இருந்தது.

கமிஷனர் டேப்பை இழுத்துக்கொண்டு உள்ளே போனார். கரண்ட் இல்லை. சுவரை ஒட்டி மூட்டைகளுக்குப் பின்னால் இருந்த இடுக்கில் டேப்பின் நுனியை நீட்டினார்.

"ஆங், அப்படித்தான். நல்லா இழுத்துப் பிடிம்மா, பாப்பா."

அண்ணனும் தங்கையும் வாசற்படியில்தான் நின்றுகொண்டிருந்தார்கள்.

வேறு யாரும் உள்ளே போகவில்லை.

டேப் விறைப்பாக நின்றது. பாசி வாடையும், அதோடு மஞ்சள் வாடையும் மெல்ல வெளியே வந்தன.

"யாருங்க இந்தப் பாப்பா? விரல் மட்டுந்தான் தெரியுது. உங்க பொண்ணுங்களா?"

ரேவதி அண்ணன் கையைப் பிடித்தாள். "சொல்லுண்ணா," என்று கெஞ்சினாள். "இப்பவாவது சொல்லு."

குருமூர்த்தி கையை உதறிக்கொண்டான்.

"அங்க யாரும் இல்லீங்க சார்."

டேப் தளர்ந்தது.

சர்ரென்று சுருண்டு கமிஷனரின் கைக்கு வந்தது. நுனியிலிருந்து மஞ்சள் தண்ணீர் சொட்டியது. அவர் செல்போன் வெளிச்சத்தை இடுக்கில் அடித்துப் பார்த்தார். வெறும் சுவர். வெளியே வந்து ஸ்கூட்டர் சாவியைத் தேட ஆரம்பித்தார்.

அப்போது குருமூர்த்தியின் போன் அடித்தது. ஓசூர் வீட்டில் தனியாக இருந்த மகள் ஸ்வாதி. எடுத்த அவசரத்தில் ஸ்பீக்கர் அழுந்திவிட்டது.

"அப்பா, ஒரு பாப்பா வந்திருக்குதுப்பா. பச்சைப் பாவாடை, தொப்பலா நனைஞ்சிருக்குது. உங்களைப் போயி அண்ணாங்குது! பாவம்னு உள்ள கூப்பிட்டு உக்கார வெச்சிருக்கேன்."

"வெளிய அனுப்பு!" என்று அலறினான் குருமூர்த்தி. "கதவைச் சாத்து!"

போனில் தண்ணீர் சொட்டும் சத்தம் கேட்டது. யாரோ மெதுவாக ஏதோ சொன்னார்கள்.

"போவாதாம்ப்பா," என்றாள் ஸ்வாதி. "அதுக்கு வேற ரூம் இல்லையாம். இனிமே இங்கதான் இருக்குமாம்."