கார்கிலுக்குப் போகும் கேசட்

கொல்லையில் யாரும் இல்லை. ஆனால் பேசி முடித்த கேசட்டைப் போட்டுக் கேட்டபோது, தங்கமணியின் குரலுக்குப் பின்னால் யாரோ மரவள்ளிக் கிழங்கைக் கத்தியால் சீவிக்கொண்டிருந்தார்கள்.

"அத்தை கொல்லையில கெழங்கு சீவிக்கினு இருக்காங்க" என்று அவள்தான் சொல்லியிருந்தாள். பொய். அத்தை பெரியநாயகி செத்து ஒரு மாதம் ஆகிறது.

தங்கமணிக்கு எழுத வராது. கார்கில் சண்டையில் நிற்கும் புருஷன் சடையனுக்கு வாராவாரம் வீட்டு நடப்பைப் பேசிப் பதிந்து அனுப்புவாள். அம்மா செத்த சேதி தெரிந்தால் மனசு ஒடிந்து குண்டுக்கு முன்னால் போய் நிற்பான் என்று மறைத்துவிட்டாள். மூத்த மகன் வந்துதான் கருமாதி வைக்க வேண்டும். அதுவரை உயிர் வீட்டைவிட்டுப் போகாது. அத்தை கிடந்த மூலையில் விளக்கும் சொம்புத் தண்ணீரும் இன்னும் இருந்தன.

கேசட்டை வாங்கிப்போய்த் தபாலில் போட வந்த கொழுந்தன் கண்ணாயிரம் வாசலில் சைக்கிளைச் சாய்த்தான். "ரேடியோக்காரி தோத்தா போங்க அண்ணி. எங்கம்மாவுக்கு இன்னும் இன்னா வேலைலாம் வைக்கப்போறீங்க?"

"அவரு உசுரோட வரட்டும். நீ போய் டீ குடிச்சிட்டு வா, பேசி முடிச்சுடுறேன்."

உச்சி வெயிலில் தெருவே களையெடுக்கப் போயிருந்தது. ஓடு சூட்டில் டிக்கென்று தெறிக்கும் சத்தமும், மூலை விளக்கின் எண்ணெய்ப் புகையும், சாணி போட்டு மெழுகியும் போகாத மூத்திர வாடையும் வீட்டுக்குள் அடைந்து கிடந்தன. சாகக் கிடந்தபோது, "எம்புள்ளகிட்ட ரெண்டு வார்த்த பேசணும், அத்தக் குடு" என்று டேப்பைக் கேட்டாள் கிழவி. பேட்டரி தீர்ந்துபோச்சு என்றாள் தங்கமணி. தீரவில்லை.

மறுபடி பதிந்தாள். "அத்தை படுத்துக்கினு இருக்காங்க."

போட்டுக் கேட்டாள். கயிற்றுக் கட்டில் முனகியது. அந்தக் கட்டிலைச் சாவன்றே சுடுகாட்டில் விட்டாயிற்று.

உண்மையைச் சொல்ல வாயெடுத்தாள். வரவில்லை.

"அத்தை இங்க இல்லீங்க. உங்களப் பாக்கக் கெளம்பிட்டாங்க."

வீட்டைவிட்டுப் போனால் போதும்.

"அண்ணி, கள்ளக்குறிச்சி பஸ் போயிடும்" என்றான் வெளியே கண்ணாயிரம்.

கேசட்டைப் போட்டுக் கேட்டாள். அவள் குரல். பிறகு கதவு. வெறுங்கால் நடை. காற்று. இந்த ஊர்க் காற்றில்லை. தூரத்தில் வெடி. நடை மேலே ஏறிக்கொண்டே இருந்தது.

பிறகு சடையன். கிசுகிசுப்பாக.

"யம்மா? நீ எப்டி இங்க... வராத, அங்கயே நில்லு. தோ நான் வரேன்."

பாறை மறைவிலிருந்து பூட்ஸ் சத்தம் வெளியே வந்தது.

தங்கமணி நிறுத்தும் பட்டனை அழுத்தினாள். கேசட்டைப் பிடுங்கினாள்.

பூட்ஸ் நடந்துகொண்டே இருந்தது.