ஜோடி சேராத மாட்யூல்

மருத்துவமனையின் பழைய கட்டடத்துக்குள் அவள் நுழைந்தபோது மதியம் இரண்டு மணி. நெட்வொர்க் வேலைக்காக எத்தனையோ முறை வந்துபோன இடம்தான். இன்று மட்டும் ஓட்டமும் நடையுமாக வந்தாள். ஆறாம் படுக்கையில் இருந்தவன் அவளுடைய அண்ணன்.

அவன் இதயத் துடிப்பு, புதிய கட்டடத்தில் நர்ஸ் மேசைத் திரையில் தெரிய வேண்டும். காலையிலிருந்து திரை காலி. இரு கட்டடங்களுக்கும் நடுவே ஓடும் ஒற்றை ஃபைபர் கேபிளின் இரு முனைகளிலும், சிக்னலை அனுப்பி வாங்கும் மாட்யூல்கள் பழுதாகிவிட்டன. விரல் நீளமே உள்ள அவை ஜோடியாகத்தான் வேலை செய்யும். ஏ வகை பேசுவது பி வகைக்குக் கேட்கும். பி பேசுவது ஏ வகைக்கு. இரண்டும் ஒரே வகையானால், கத்திக் கத்தித் தொண்டை வற்றினாலும் ஒன்று சொல்வது மற்றதன் காதில் விழாது.

ஸ்டோரில் கைக்கு அகப்பட்ட இரண்டை அள்ளிக்கொண்டு ஓடி வந்திருந்தாள். ஒன்றைப் பழைய கட்டடத்தில் செருகிவிட்டு நீண்ட நடைபாதையில் நடந்தாள். ஈரச் சுண்ணாம்பு வாடை அடித்தது. பின்னால் யாரோ மூச்சு வாங்கினார்கள். தன் மூச்சுதான் என்று மனதைத் தேற்றிக்கொண்டாள். மற்றதைப் புதிய கட்டடத்தில் செருகினாள்.

பச்சை விளக்கு எரிந்தது.

"வந்துடுச்சு மேடம். எழுபத்திரண்டு. உங்க அண்ணன் நிம்மதியாத் தூங்குறார்" என்றாள் நர்ஸ்.

அப்பாடா என்று மாட்யூல்களின் வெற்று உறைகளைப் பைக்குள் போடப்போனவள் அப்படியே நின்றாள். ஓர் உறையில் ஏ.

மற்றதிலும் ஏ.

அப்படியானால் இந்த முனைக்குப் பதில் சொல்வது யார்?

மாட்யூலை வெடுக்கென்று உருவினாள். பச்சை விளக்கு அணைந்தது. திரையில் மட்டும் எழுபத்திரண்டு ஓடிக்கொண்டிருந்தது.

அவள் ஓடினாள்.

ஆறாம் படுக்கையருகே மானிட்டர் அலறிக்கொண்டிருந்தது. கனத்த கதவு அந்தச் சத்தத்தை வெளியே விடவில்லை. அண்ணனின் உதடு நீலம் பாரித்திருந்தது. அவள் போட்ட கூச்சலில் டாக்டர் ஓடி வந்து நெஞ்சை அழுத்தினார். பத்து நிமிடம் அவளுக்கு உயிரே இல்லை. பிறகு அண்ணன் ஒருமுறை இருமினான்.

உடனே அவனைப் புதிய கட்டடத்துக்கு, நர்ஸ் மேசைக்கு எதிரிலேயே மாற்றினார்கள். அவள் அவன் மணிக்கட்டைப் பிடித்தபடி உட்கார்ந்தாள். விரலடியில் துடிப்பு தாறுமாறாக ஓடியது. எண்ணிப் பார்த்தாள். நூற்றுப் பத்து.

"இங்க எழுபத்திரண்டுன்னு காட்டுதே மேடம்." நர்ஸ் மேசைத் திரையைக் காட்டினாள்.

"திரைக்குப் போற வயரைக் கழட்டுங்க சிஸ்டர்."

"கழட்டி அரை மணி நேரமாச்சு."

அவள் திரும்பிப் பார்க்கவில்லை. கையை விடவும் இல்லை. விரலடியில் துடிப்பு மெல்ல இறங்கத் தொடங்கியது. நூறு. தொண்ணூறு. எண்பது.

எழுபத்திரண்டு.

அதற்குமேல் இறங்காமல், ஒரே சீராகத் துடித்தது. அண்ணனின் மார்பைப் பார்த்தாள்.

அது ஏறி இறங்கவே இல்லை.