காவல் போட்ட கிழங்கு

காலை பதினொரு மணிக்குச் சங்கு ஊதியதும் பூவத்திடலில் கதவுகள் சாத்தப்படும். மாலை நான்கு வரை உச்சியடைப்பு. அந்த வெயிலில் அரை மணி நேரத்துக்கு மேல் நின்றவர்கள் உயிரோடு திரும்பியதில்லை என்பதால் நாய்கள்கூடச் சங்குச் சத்தத்துக்கு வீட்டுக்குள் வரப் பழகியிருந்தன. வேம்புக்கு மட்டும் சங்குக்குப் பிறகும் கொஞ்சம் வேலை உண்டு. அரசுக் கிழங்கு வயலின் வாசலைப் பூட்டி, பூட்டை இரண்டு முறை இழுத்துப் பார்ப்பாள். 'அரசு உடைமை. தொட்டால் சிறை' என்ற பலகையில் படிந்த உப்புத்தூசியைத் துடைப்பாள். வடக்கு வேலியில் ஓர் ஆள் நுழையும் அளவுக்குப் பிரிந்து கிடந்த கம்பியை மட்டும் அப்படியே விட்டுவிட்டுக் காவலறைக்குப் போய்ப் படுத்துக்கொள்வாள். அறையின் ஒரே சன்னல் தெற்கே பார்த்தது. அப்படிக் கட்டச் சொல்லித்தான் உத்தரவு.

நான்கு மணிக்கு எழுந்து வந்து பார்த்தால் ஏழெட்டுப் பாத்தி கிளறிக் கிடக்கும். ஊர்க்காரர்கள் ஈரச் சாக்கைப் போர்த்திக்கொண்டு ஓடிவந்து, தோண்டியதும் ஓடிப்போயிருப்பார்கள். வேம்பு மண்ணைச் சமன் செய்துவிட்டு, இருட்டும் வரை தடியோடு வேலியைச் சுற்றி, எதிர்ப்படுகிறவர்களையெல்லாம் வாய்க்கு வந்தபடி அதட்டுவாள். அதட்டுவதற்குத்தான் அவளுக்குச் சம்பளம், பிடிப்பதற்கு இல்லை. இது ஊரில் வேறு யாருக்கும் தெரியாது.

வேம்பு இந்த வேலைக்கு வந்தபோது நெல் கைவிட்டு இருபது வருடம் ஆகியிருந்தது. இரவிலும் சூடு இறங்காததால் கதிர் பூத்தாலும் பால் பிடிக்காமல் பதராகவே நின்றது. கடல் வேறு வாய்க்கால் வழியாக உள்ளே வந்து உட்கார்ந்துகொண்டது. அப்போதுதான் ஆய்வுக்கூடத்தில் ஒரே தாய்ச்செடியிலிருந்து நகல்பெருக்கம் செய்த உருளைக்கிழங்கு வந்தது. உப்பு மண்ணிலும் நாற்பத்தைந்து டிகிரியிலும் கிழங்கு வைக்கும். உவர்க்கிழங்கு என்று பெயர் சூட்டி, வண்டி வண்டியாக இலவசமாகக் கொடுத்தார்கள். சனங்கள் வரிசையில் நின்று வாங்கி, நேரே கொண்டுபோய் உப்பங்கழியில் கொட்டினார்கள். சும்மா கொடுக்கிறான் என்றால் அதில் ஏதோ இருக்கிறது என்பது அவர்கள் கணக்கு. தின்றால் பிள்ளை பிறக்காது என்று ஒரு பேச்சு, ஆடு தின்று செத்தது என்று இன்னொரு பேச்சு. பட்டினி கிடந்தாலும் கிடப்பார்கள், கிழங்கைத் தொடமாட்டார்கள். அந்த ஊரின் வீம்பு அப்படி.

அந்தச் சமயத்தில்தான் உணவுத்துறை அதிகாரி இன்பசேகர் வேம்பை வேலைக்கு எடுத்தார்.

"முந்நூறு வருஷத்துக்கு முன்னாடி ஐரோப்பாவுலயும் இதே கதைதாம்மா," என்றார். "மண்ணுக்குள்ள வெளையுற அசிங்கம், நாய்கூட மோந்து பாக்காதுன்னு சொல்லிட்டாங்க. ஒரு ராஜா என்ன செஞ்சாராம், கிழங்கு வயல சுத்திப் பட்டாளத்தக் காவலுக்குப் போட்டாராம். பட்டாளத்துக்கிட்ட மட்டும், திருட வந்தா கண்டுக்காதீங்கன்னு சொல்லிட்டாராம். கதையோ நெசமோ, அப்புறம் அந்தக் கண்டமே கிழங்கத் தின்னுதான் வளந்துச்சு."

"அப்ப நான் காவல் காக்குற மாதிரி நடிக்கணும், அவ்ளோதானே சார்?"

"நல்லா நடிக்கணும். வெளிய ஒரு வார்த்த போகக்கூடாது."

இரண்டே வருடத்தில் பூவத்திடலில் உவர்க்கிழங்கு இல்லாத கொல்லை இல்லை. சாக்கிலும் உடைந்த தோணியிலும் வளர்த்தார்கள். யாரும் அதன் பெயரைச் சொல்வதில்லை. கதவைச் சாத்தி வேகவைத்து, தோலை அடுப்பிலேயே எரித்தார்கள். பிள்ளைகளின் கன்னத்தில் சதை பிடித்தது.

வேம்பின் தம்பி வேதரத்தினமும் ஒரு நாள் வடக்கு வேலி வழியாக வந்தான். காய்ச்சல் மாத்திரையை வயல் வாசலில் மறந்து வைத்துவிட்டு, அதை எடுக்கக் காவலறையிலிருந்து வெளியே வந்த வேம்பு அவனுக்கு நேர் எதிரே நின்றுவிட்டாள். அவன் மடியில் ஆறு கிழங்கு. அவள் பார்க்காததுபோலத் திரும்பி நடந்தாள். அன்றிலிருந்து அவன் வீட்டில் அவள்தான் குலதெய்வம். "எங்கக்கா வேலையப் பத்தி யோசிக்கல, எம்புள்ளையப் பத்தித்தான் யோசிச்சுச்சு," என்று கண் கலங்குவான். அவனுக்கு அல்லி என்று நான்கு வயதில் ஒரு பெண். உண்மையைச் சொல்லியிருக்கலாம். வேம்புக்குச் சொல்ல மனம் வரவில்லை. தாய் தகப்பன் இல்லாத வீட்டில் அவளை யாரும் அப்படிக் கொண்டாடியதில்லை.

ஆடி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை வயலில் இலைகள் கருகத் தொடங்கின. வியாழனுக்குள் பாதி வயல் போய்விட்டது. இன்பசேகர் முகமூடியோடு வந்து ஒரு கிழங்கைப் பிளந்து காட்டினார். வெளியே தோல் பளபளவென்றிருக்க, நடுவில் மட்டும் கருநீர் கோத்திருந்தது. வேகவைத்தாலும் அந்த விஷம் போகாது என்றார். தெற்கே இன்னொரு திடலில் பதினொரு பேர் செத்துவிட்டார்கள்.

"எல்லாம் ஒரே செடியோட நகல். ஒண்ணுக்கு வந்தா அத்தனைக்கும் வரும். அயர்லாந்துல இப்படித்தான் ஒரே ரகத்த நம்பிப் பத்து லட்சம் பேர் போய்ச் சேந்தாங்க," என்றார். "ஊருல இருக்குறத பூரா புடுங்கி எரிக்கணும், வேம்பு."

ஒலிபெருக்கியில் அறிவித்தார்கள். வைத்திருப்பவர்கள் ஒப்படைக்கலாம், தண்டனை கிடையாது. ஒருவர்கூட வரவில்லை. எங்களிடம் ஏது கிழங்கு என்று கைவிரித்தார்கள். வயலைச் சுற்றி இரட்டை வேலி போட்டு, 'விஷம்' என்று சிவப்பில் எழுதி, புதிதாக நான்கு காவலர்களை நிறுத்தினார்கள். அன்றைய உச்சியடைப்பில் காவலர்கள் வெயிலுக்கு உள்ளே ஒதுங்கியதும், எப்போதையும்விட மூன்று பங்கு ஆட்கள் கம்பியை அறுத்துக்கொண்டு வந்து தோண்டினார்கள். "ரெட்டக் காவல் போட்டுருக்கான்னா இது அதவிட ஒசத்தி ரகம்," என்று பக்கத்துத் தெருத் தையல்நாயகி யாரிடமோ சொன்னதை வேம்பே காதால் கேட்டாள்.

அன்று மாலை அவள் தம்பி வீட்டுக்கு ஓடினாள். "நெசமாவே விஷம்டா. என்னைய நம்பு," என்றாள். வேதரத்தினம் மறுபேச்சுப் பேசவில்லை. கொல்லையிலிருந்த அத்தனை செடியையும் அவள் கண்ணெதிரே பிடுங்கி எரித்தான். ஊரில் எரிந்தது அந்த ஒரு வீட்டுச் செடிதான். கிழங்கை விட்டால் ஊரில் வாங்கவும் வேறு உணவு இல்லாததால், அதன் பிறகு அந்த வீட்டில் அடுப்பு எரியவில்லை.

இரண்டு நாள் கழித்து விடியற்காலையில் வேம்புக்கு அந்த யோசனை தோன்றியது. இன்பசேகரை எழுப்பிச் சொன்னாள்.

"வேலியப் பிரிங்க சார். காவல எடுங்க. கிழங்க வண்டியில ஏத்தி, ஆளுக்கு நாலு கிலோ சும்மா தர்றோம், ரொம்ப நல்லது, சின்னப் புள்ளைங்களுக்குக் கட்டாயம் குடுங்கன்னு கூவுங்க. ஒருத்தன் தொடமாட்டான். வீட்டுல இருக்குறதையும் தூக்கிப் போட்டுருவான்."

"யாராவது வாங்கிட்டா?"

"வாங்கமாட்டாங்க சார். நான் இந்த ஊருக்காரி. அப்படி ஒண்ணு ரெண்டு பேர் வாங்குனாலும் பின்னாடியே போயிப் புடுங்கிக்கலாம்."

இன்பசேகர் ஒலிபெருக்கியை அவள் கையிலேயே கொடுத்தார். ஊருக்குத் தெரிந்த குரல் அதுதான். ஆறு மணிக்கு வேம்பு கூவினாள். சோதித்துப் பார்த்தாகிவிட்டது, நோய் போய்விட்டது, நல்ல கிழங்கு, அள்ளிக்கொண்டு போங்கள் என்று தெருத்தெருவாகக் கூவினாள். தம்பியை அப்போது நினைக்காமல் இல்லை. அவனுக்குத்தான் எல்லாம் தெரியுமே என்று நினைத்தாள்.

யோசனை பலித்தது. எட்டு மணிக்கெல்லாம் தெருவில் கூட்டம் கூடிவிட்டது. யாரும் வண்டிக்குப் பக்கத்தில் வரவில்லை. தூரத்தில் நின்று முணுமுணுத்தார்கள். அப்புறம் தையல்நாயகி ஒரு கூடையைச் சுமந்து வந்து, மூச்சுக் காட்டாமல் வாய்க்காலில் கவிழ்த்தாள். அவளைப் பார்த்து இன்னொருத்தி. பத்து நிமிடத்தில் வாய்க்கால் கரை முழுக்கச் செடியும் கிழங்குமாகக் கிடந்தது. இரண்டு வருடம் ஒளித்து வளர்த்ததை ஊரே பட்டப்பகலில் வெளியே கொண்டுவந்தது. இன்பசேகர் வண்டிக்குப் பின்னால் நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

அப்போதுதான் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வேதரத்தினம் வந்தான். இடுப்பில் அல்லி. இரண்டு நாளில் குழந்தை காய்ந்துபோயிருந்தது.

"ஊரு கெடக்குதுக்கா," என்றான் எல்லோருக்கும் கேட்கும்படி. "விஷம்னு நீ சொன்னே, எரிச்சேன். இப்ப நல்லதுங்கிற. எனக்கு அது போதும்."

நூறு கண்கள் வேம்பின்மேல் இருந்தன. "ரத்தினம், நீ வீட்டுக்குப் போ, நான் அப்புறம் வர்றேன்," என்று பல்லைக் கடித்துக்கொண்டு மெதுவாகச் சொன்னாள்.

"அப்புறம் எங்கக்கா? புள்ள தண்ணியக் குடிச்சிட்டே கெடக்கு."

அவன் பேசிக்கொண்டிருக்கும்போதே அல்லி கையை நீட்டி வண்டியிலிருந்து ஒரு கிழங்கை எடுத்துப் பச்சையாகவே கடித்தது.

வேம்பு பாய்ந்தாள். கிழங்கைப் பிடுங்கி, குழந்தையின் வாய்க்குள் விரலை விட்டு மென்றதைத் தோண்டியெடுத்து, கன்னத்தில் ஓங்கி அறைந்து, "துப்புடி, துப்பு," என்று கத்தினாள். உதடு கிழிந்து ரத்தம் வந்தது. குழந்தை வீறிட்டு அழுதது. வேதரத்தினம் அவள் முகத்தைப் பார்த்தான். ஒரு கேள்வியும் கேட்காமல் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு தண்ணீர்க் குழாயை நோக்கி ஓடினான். அவன் இந்த முறையும் அவளை நம்பினான்.

பிழைத்துக்கொள்ளும் என்று வேம்புக்கு உள்ளே ஏதோ சொன்னது. வண்டியைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்தபோதுதான் தெரு அமைதியாகிவிட்டதை உணர்ந்தாள்.

வாய்க்கால் கரையில் தையல்நாயகி குனிந்து, சற்றுமுன் கொட்டியதை ஒவ்வொன்றாகக் கூடையில் பொறுக்கிக்கொண்டிருந்தாள். மற்றவர்களும் பொறுக்கினார்கள்.

"விஷம், சத்தியமா விஷம்," என்று வேம்பு ஒலிபெருக்கி இல்லாமலே கத்தினாள். நேற்றும் முந்தாநாளும் இதே வார்த்தையைத்தான் அவர்கள் கேட்டிருந்தார்கள். இன்பசேகர் பதறிப்போய் வண்டிக் கதவை இழுத்துச் சாத்திப் பூட்டினார். அதைப் பார்த்ததும் கூட்டம் வேகமாக நெருங்கியது.

தையல்நாயகி இடுப்பில் கூடையோடு வேம்புக்கு எதிரில் வந்து நின்றாள். அவள் குரலில் கோபமில்லை, கொஞ்சம் வருத்தம்தான் இருந்தது.

"தம்பி புள்ளைக்கே குடுக்க மனசு வரலயே வேம்பு ஒனக்கு. பூட்டத் தெறக்கச் சொல்லு. ஆளுக்கு நாலு கிலோன்னு நீதான சொன்னே."

அவளுக்குப் பின்னால் வரிசை சேர ஆரம்பித்திருந்தது.