போன மாதிரியே திரும்பி வா

ஞாயிற்றுக்கிழமை காலையில் பல் துலக்கியதும், தான் இன்னும் எவ்வளவு தானாக இருக்கிறாள் என்று பார்த்துவரக் கிளம்பினாள் லின் யுவேசென். நிலவில் இருக்கும் மூன்றாம் பள்ளத்துப் பல்கலைக்கழகத்தின் மாணவர்களுக்கு வாரம் ஒருமுறை இந்த வேலை உண்டு. உணவுக்கூடத்து வாசலில், எடை பார்க்கும் இயந்திரத்துக்கு அண்ணன் போல ஒரு தன்மைமானி நிற்கும். வரிசையில் நின்று, அதன் தொப்பியை அரை நிமிடம் தலையில் கவிழ்த்துக்கொண்டால் எண் வந்துவிடும். அன்றைக்கு அவளுக்கு வந்தது எழுபத்தொன்று.

எண்ணின் கணக்கு எளிமையானது. படிக்கப் புறப்படும் ஒவ்வொருவருக்கும் பூமியிலேயே ஒரு தன்னுருப் பதிவு எடுத்துவிடுவார்கள். முகமோ கைரேகையோ அல்ல, ஆளையே பதிவுசெய்வார்கள். எதைக் கண்டால் நாக்கு ஊறும், எங்கே கோபம் வரும், எந்தச் சொல்லை வாய்வரை கொண்டுவந்து விழுங்குவோம் என்பதெல்லாம் அதில் இருக்கும். ஜாமீன் கையெழுத்துப் போடும் பெற்றோரையும் கையோடு ஒரு பதிவு எடுத்து வைப்பார்கள். எதற்கு என்று அவர்களும் கேட்டதில்லை. நாலு வருடம் கழித்துத் திரும்பும்போது பழைய பதிவோடு ஒப்பிட்டு, எண்பதும் அதற்கு மேலும் வந்தால் சொந்த ஊர்க்காரர் என்று உள்ளே விடுவார்கள். குறைந்தால் விருந்தாளி. முப்பது நாள் தங்கிவிட்டு வந்த வழியே போகவேண்டியதுதான்.

யுவேசென்னுக்குக் கப்பல் இன்னும் பத்தொன்பது நாளில். சீனாவில், செங்டு நகரத்தில் அம்மா ஹுவாங் ருயி தனியாக இருந்தாள். அப்பா காலமாகி வெகுநாளாகிவிட்டது. விண்வெளி நிலையத்தில் வழியனுப்பும்போது அம்மா கட்டிப்பிடிக்கவும் இல்லை, அழவும் இல்லை. வெந்நீர்க் குடுவையைக் கையில் திணித்து, "போன மாதிரியே திரும்பி வா" என்று மட்டும் சொன்னாள். அந்த அம்மாவோடு ஒரே வீட்டில் இருக்கவேண்டும் என்பதைத் தவிர யுவேசென்னுக்கு வேறு பெரிய ஆசை எதுவும் கிடையாது. அதற்கு இப்போது ஒன்பது மதிப்பெண் குறைந்தது.

அந்த ஒன்பதும் எங்கே போயின என்று அவளுக்கே தெரியும். வெந்நீர் மட்டும் குடித்து வளர்ந்தவள் இப்போது பனிக்கட்டி போட்ட மோர் குடிக்கிறாள். பிடிக்காததை முகத்துக்கு நேரே பிடிக்கவில்லை என்கிறாள். எல்லாவற்றையும்விட மோசம், தொலைபேசியில் அம்மாவிடம் நன்றி சொல்ல ஆரம்பித்துவிட்டாள். பெற்றவளிடம் நன்றி சொல்வது அவர்கள் வீட்டில் மூன்றாம் மனிதரிடம் பேசுவதற்குச் சமம். நம் வீடுகளிலும் அப்படித்தான் என்பதை இங்கே சொல்லவேண்டியதில்லை.

மோருக்குக் காரணம் அறைத்தோழி இசக்கியம்மாள், பாளையங்கோட்டைக்காரி, ஆராய்ச்சி மாணவி. அவள் காதிலிருந்த மொழிபெயர்ப்பி யாருடைய பேச்சையும் திருநெல்வேலித் தமிழில்தான் சொல்லும். சீனாவில் எல்லோரும் "ஏட்டி" போட்டுத்தான் பேசுவார்கள் என்று முதல் வருடம் முழுக்க அவள் நம்பிக்கொண்டிருந்தாள். கட்டிப்பிடிப்பது, வாய்விட்டுச் சிரிப்பது, பிறந்தநாளுக்கு அழுவது என்று யுவேசென்னுக்கு அவள் கற்றுக்கொடுத்த கெட்ட பழக்கங்கள் அநேகம்.

இந்த நிலையில் வேறு நாட்டுக்காரர்களாக இருந்தால் அழுவார்கள், மனு எழுதுவார்கள். யுவேசென்னின் கூட்டம் பன்னிரண்டு வயதிலிருந்து பரீட்சையைத் தவிர எதையும் காணாத கூட்டம். வானம் இடிந்து விழுந்தாலும் பழைய வினாத்தாள் கிடைக்குமா என்றுதான் முதலில் கேட்கும். கிடைத்தது. குவோ ஜென்ஹாய் என்ற சீனியர், உணவுக்கூடத்து மூலையில், மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு 'பதினெட்டு நாளில் பழைய நீங்கள்' என்றொரு பயிற்சி வகுப்பு நடத்திவந்தான். நாற்பது பேர் படித்தார்கள். அவனிடம் படித்தவர்கள் யாரும் தோற்றதில்லை. அவன் மட்டும் பதினோரு வருடமாக ஐம்பத்தெட்டிலேயே நின்று, ஊருக்குப் போகமுடியாமல் பாடம் நடத்திக்கொண்டிருந்தான்.

பயிற்சி கடுமையானது. ஒவ்வொருவரும் தங்கள் பதினெட்டாம் வயது ஆசாபாசங்களை நெட்டுருப் போட்டார்கள். அத்தை சம்பளம் கேட்டால் எந்த இடத்தில் எரிச்சல் வரவேண்டும், தக்காளி முட்டைப் பொரியல் வாசனைக்கு எத்தனை நொடியில் கண் கலங்கவேண்டும் என்றெல்லாம் தினமும் தேர்வு. யுவேசென்னின் பதிவைப் பார்த்த குவோ, இசக்கிதான் அவள் இழந்த பன்னிரண்டு மதிப்பெண் என்று கண்டுபிடித்தான். கப்பல் ஏறும்வரை அவளோடு பேசக்கூடாது என்றான்.

அன்று மாலை பெட்டியை எடுத்துக்கொண்டு வேறு அறைக்குப் போனபோது இசக்கி வாசலில் நின்றாள்.

"ஏட்டி, நீ நீயா இருக்கதுக்கு எதுக்குட்டி டியூசன்?" என்று கேட்டாள்.

பதினெட்டு நாளும் யுவேசென் இசக்கியைப் பார்க்கும்போதெல்லாம் சுவரைப் பார்த்தாள். மன்னிப்பு என்ற சொல் வாய்வரை வந்தது. பழைய யுவேசென் இந்த இடத்தில் அதைச் சொல்லமாட்டாள் என்று அதையும் விழுங்கினாள். கடைசி நாள் தொப்பியை மாட்டியபோது தொண்ணூற்றேழு வந்தது. குவோ கைதட்டினான்.

செங்டு நிலையத்தில் வருகை வாசலுக்கு மேலே பெரிய வளைவாகவே ஒரு தன்மைமானியைக் கட்டியிருந்தார்கள். யுவேசென் அதன் கீழே நடந்ததும் பச்சை விளக்கு எரிந்தது. எண்ணைப் பார்த்த அதிகாரி எழுந்தே நின்றுவிட்டார். இத்தனை வருடத்தில் தொண்ணூற்றேழை அவர் கண்ணால் கண்டதில்லை. வளைவுக்கு அந்தப் பக்கம், தரையில் போட்ட மஞ்சள் கோட்டுக்குப் பின்னால் அம்மா நின்றாள். தலைமுடி நீலமாக இருந்தது.

கற்றபடி யுவேசென் ஓடவில்லை, சிரிக்கவில்லை. "சாப்பிட்டியாம்மா?" என்று கேட்டு, வெந்நீர்க் குடுவையை நீட்டினாள். அம்மாவோ கையிலிருந்த பனிக்கட்டித் தேநீரைத் தரையில் வைத்துவிட்டு, கோட்டைத் தாண்டி ஓடிவந்து மகளை இறுக்கிக் கட்டிக்கொண்டாள். "வந்ததுக்கு நன்றி சென்சென், ரொம்ப நன்றி" என்று செல்லப்பெயர் சொல்லி அழுதாள். பயிற்சி பெற்ற மகள் மரமாக நின்றாள்.

"என்னம்மா இதெல்லாம்?"

"நீதானே போன்ல கத்துக்கொடுத்தே. முதல்ல கூச்சமா இருந்துச்சு. அப்புறம் பழகிப் பாத்தேன், நல்லாத்தான் இருந்துச்சு. நீ வரும்போது அந்நியமா தெரியக்கூடாதில்ல?"

யுவேசென் பதினெட்டு நாள் கஷ்டப்பட்டு எதையெல்லாம் தன்னிடமிருந்து சுரண்டி எறிந்தாளோ, அதையெல்லாம் ஒன்று விடாமல் அம்மா எடுத்து வைத்திருந்தாள். அழவேண்டும் போல இருந்தது. ஆனால் அழுகை எந்த நொடியில் வரவேண்டும் என்பது பாடத்தில் இல்லை.

அப்போதுதான் சிவப்பு விளக்கு எரிந்தது. இரண்டு பேரும் வளைவுக்கு நேர் கீழே நின்றிருந்தார்கள். இயந்திரத்துக்கு வந்தவர், இருந்தவர் என்ற பேதம் தெரியாது. நாலு வருடத்துக்கு முன் ஜாமீன் போட்டபோது எடுத்த பதிவோடு அம்மாவை ஒப்பிட்டு ஐம்பத்துநாலு என்றது. விருந்தாளி, முப்பது நாள்.

ஐம்பத்திரண்டு வருடமாக இதே ஊரில்தான் இருக்கிறேன், நாலு வருடமாக ஊர் எல்லையைக்கூடத் தாண்டவில்லை என்றாள் அம்மா. அதிகாரி வருத்தப்பட்டார். எண்ணை அழிக்கத் தனக்கு அதிகாரம் இல்லை, குடும்பத்தில் சொந்த ஊர்க்காரர் யாராவது பொறுப்பேற்றால் விருந்தாளிச் சீட்டு தரமுடியும் என்றார். குடும்பத்தில் அப்படி ஒருத்திதான் இருந்தாள். யுவேசென் கையெழுத்துப் போட்டாள். வந்த நோக்கம் என்ற இடத்தில் அம்மா வெகுநேரம் யோசித்து, மகளைப் பார்க்க என்று எழுதினாள்.

"நீங்க ஒரு தடவை இதுக்குக் கீழ வந்து நில்லுங்க, பாப்போம்" என்றாள் யுவேசென், அதிகாரியிடம். தொண்ணூற்றேழில் அடங்காத மிச்சம் மூன்று மதிப்பெண் பேசியது.

அதிகாரி நாற்காலியை ஓரடி பின்னால் இழுத்துக்கொண்டார். "உள்ளூர்க்காரங்க யாரும் அங்க நிக்கிறதில்லைங்க. நின்னா ஊர்ல ஆளே இருக்காது."

பிறகு குரலைத் தாழ்த்தி, மனம் தளரவேண்டாம், நல்ல பயிற்சி எடுத்துக்கொண்டால் எண்பது தாண்டிவிடலாம் என்று ஒரு அட்டையைக் கொடுத்தார். அதில் குவோ ஜென்ஹாய் படம் போட்டிருந்தது.

"அவர் நிலாவுல இருக்காரே. இங்க யாரும் சொல்லித்தர மாட்டாங்களா?" என்று கேட்டாள் அம்மா.

"இங்க யாருக்கு ஞாபகம் இருக்கு? செங்டுக்காரங்க எப்படி இருப்பாங்கன்னு தெரிஞ்சவங்க எல்லாம் அங்கதான் இருக்காங்க" என்றார் அவர்.

யுவேசென் எங்கெல்லாமோ மனுக் கொடுத்துப் பார்த்தாள். மனுவை வாங்கியவர்கள் எல்லோரும் அவளுடைய பழங்காலப் பணிவைப் பாராட்டி அனுப்பினார்கள். வேறு வழியில்லாமல், அம்மாவைக் குவோவிடம் படிக்க நிலவுக்கே அனுப்புவதென்று முடிவாகி, இசக்கிக்கு, மன்னிப்பில் தொடங்கி மன்னிப்பில் முடியும் ஒரு நீண்ட செய்தி அனுப்பினாள். பதில் உடனே வந்தது. "அம்மாவ அனுப்பு. உன் கட்டில் சும்மாதான் கெடக்கு. மோரு, சோறுன்னு நான் பாத்துக்கிடுதேன்." படித்ததும் யுவேசென் பாடத்தில் இல்லாத நொடியில் அழுதாள். இசக்கி பார்த்துக்கொண்டால் அம்மா எந்தக் காலத்திலும் எண்பதைத் தொடமாட்டாள் என்பது பிறகுதான் உறைத்தது.

இருபத்தொன்பதாம் நாள் நிலையத்தில் அம்மாவின் நீலத் தலையை வாரிவிட்டு, போர்வை இருக்கிறதா, மாத்திரை இருக்கிறதா என்று நாலு முறை கேட்டாள் யுவேசென். அழைப்பு மணி அடித்தது. வெந்நீர்க் குடுவையை அம்மா கையில் திணித்து, நாலு வருடமாகக் காதில் ஒலித்துக்கொண்டிருந்ததையே சொல்லிவிட்டாள்.

"போன மாதிரியே திரும்பி வாம்மா."

அம்மா பெட்டியைத் தூக்கிக்கொண்டு திரும்பிப் பார்த்தாள்.

"போன மாதிரியே வந்தா உள்ள விட மாட்டாங்களே, சென்சென்."