காணாமல் போன நான்கு நாட்கள்

காலை 7.10. ஓடைக்கரை மரத்தில் முழங்கால் உயரத்தில் கட்டியிருந்த தானியங்கிக் கேமராவைத் திறந்ததும் ஆவணப்பட இயக்குநர் திகைத்து நின்றாள். உள்ளே இருந்தது அவள் போட்ட மெமரி கார்டு அல்ல. ஒரு படம்கூட இல்லாத புதுக் கார்டு.

நான்கு நாள் பதிவு போயிற்று. பதினொரு மணிக்கு ஊர்க்கூட்டம். ஆட்டைக் கொன்ற சிறுத்தையைக் கூண்டு வைத்துப் பிடிப்பதா, விடுவதா என்று அங்கே முடிவாகும். இரண்டு வருடமாக யாரையும் சீண்டாத மிருகம் திடீரென்று பட்டிக்கு ஏன் வந்தது? அதற்கு அந்தக் கார்டுதான் ஒரே சாட்சி.

7.45. வனச்சரக அலுவலர் வந்தார். மளமளவென்று பேசுகிற ஆள் இல்லை. குந்தி உட்கார்ந்து மண்ணைப் பார்த்தார். நேற்று மாலை மழை பழைய தடங்களையெல்லாம் அழித்திருந்தது. கேமராவுக்குப் பத்தடி முன்னால், இடமிருந்து வலமாக, உள்ளங்கைத் தடங்கள். கூடவே குழிகுழியாக முழங்கால் தடங்கள்.

“யார் மேல சந்தேகம்?”

“ஆட்டுக்காரர்தான் சார்,” என்றார் ஒளிப்பதிவாளர். இயக்குநரின் சொந்த அண்ணன். “‘கேமராப் பொட்டிய ஒடைச்சுப் போடுவேன்’னு முந்தாநாள் குதிச்சாரு. ஒளிஞ்சு தவழ்ந்து வந்திருக்காரு பாருங்க.”

8.30. ஆட்டுப்பட்டி.

“பொட்டியத் தொட்டீங்களா?”

“நான் தொட்டிருந்தா அது முழுசா இருக்குமா சார்? ஆட்டையும் பறிகுடுத்துட்டு திருடன் பட்டமும் வாங்கணுமா? நல்லா இருக்கு உங்க நியாயம்!”

9.20. படக்குழுவின் அறை. அண்ணன் லென்ஸ் துடைத்துக்கொண்டிருந்தார்.

“ஏம்மா, கேமராவுல கார்டு மாத்தினதும் என்ன செய்வீங்க?” என்று கேட்டார் அலுவலர்.

“சோதனை சுவிட்சைப் போட்டுட்டு, சிறுத்தை உயரத்துல கேமராவுக்குக் குறுக்கே தவழ்ந்து பார்ப்போம் சார். சிவப்பு விளக்கு எரிஞ்சா சரியா வேலை செய்யுதுன்னு அர்த்தம்.”

“அப்போ படம் பதியுமா?”

“பதியாது. விளக்கு மட்டும்தான்…” மெதுவாக அண்ணன் பக்கம் திரும்பினாள்.

“ஒளிஞ்சு வர்றவன் கேமராவுக்குப் பின்னால வருவான். எதிர்ல வந்து தவழ மாட்டான். புதுக் கார்டும் போட மாட்டான். இந்த வேலை தெரிஞ்சவங்க இங்க ரெண்டே பேர். அதுல ஒருத்தங்க புகார் குடுத்தவங்க.” அலுவலர் அண்ணனைப் பார்த்தார். “திருடும்போதுகூட தொழில் சுத்தம் உங்கள விடல சார்.”

அண்ணன் லென்ஸைக் கீழே வைத்தார்.

“கிட்டத்துல ஒரு ஷாட் இல்லியேன்னு நீ தெனமும் புலம்புன, பாப்பா. அதான் கேமரா முன்னால கறி கட்டினேன். வாசனை புடிச்சு வந்தது, அப்படியே பட்டிக்குப் போயிடுச்சு. நான் கட்டுறது அதுல பதிஞ்சிருக்கு. வெளிய தெரிஞ்சா உன் படமே போயிடும்னுதான்…”

“அழிச்சுட்டியா?”

“எப்படி அழிப்பேன்? கண்ணுல ஒத்திக்கிற மாதிரி வந்திருக்கு.” சட்டைப்பையிலிருந்து கார்டை எடுத்து நீட்டினார்.

“கூட்டத்துல இதை முழுசா போட்டுக் காட்டினா உங்க படப்பிடிப்பு அனுமதிய நான் ரத்து பண்ணியாகணும்,” என்றார் அலுவலர்.

“தெரியும் சார்.”

11.00. ஊர்க்கூட்டம். ஒரு நொடியும் வெட்டாமல் ஓட்டினாள். திரையில் அண்ணனின் கைகள் கறியைக் கட்டின. பிறகு சிறுத்தை வந்தது.

“அப்போ கூண்டு வெக்க வேண்டியது சிறுத்தைக்கு இல்ல,” என்றார் ஆட்டுக்காரர். யாரோ சிரித்தார்கள். அண்ணன் எழுந்து கைகூப்பினார்.

12.15. காலிக் கூண்டோடு வனத்துறை லாரி திரும்பிப் போனது. இயக்குநர் ஓடைக்கரைக்குப் போய்க் கேமராவை மரத்திலிருந்து அவிழ்க்கத் தொடங்கினாள்.