கபிரியேல் தொடாத கறி

கடலிலிருந்து வந்த கபிரியேல் காலில் ஒட்டிய மணலைக்கூடத் தட்டாமல் அடுக்களையில் உட்கார்ந்தான். செசிலி கஞ்சியை ஊற்றி, பக்கத்தில் சாளை மீன்கறிச் சட்டியை வைத்தாள். தேங்காய் அரைத்து, மாங்காய் கீறிப் போட்டு வைத்த கறி. அவன் சட்டியை ஒருமுறை பார்த்தான். பிறகு ஒரு விரலால் அதை அப்பால் தள்ளிவிட்டு, உள்ளியைக் கடித்துக்கொண்டு கஞ்சியைக் குடித்தான்.

"கறி ருசி கொள்ளாதா?" என்றாள் செசிலி.

"கொள்ளாம்."

"பின்ன என்னத்துக்குத் தொடல்ல? நேத்தும் தொடல்ல... அதுக்கு முந்தின நாளும் தொடல்ல..."

"வேண்டாம்னா வேண்டாம் ஏட்டி. நீ உனக்க சோலியப் பாரு."

அவன் எழுந்து போய்விட்டான். அம்மியடியில் உட்கார்ந்திருந்த மாமியார் வியாகுலம்மாள், மருமகளின் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அந்தக் கைகளில் வைசூரியின் வடுக்கள் இருந்தன. முகத்திலும் இருந்தன. போன மழைக்காலத்தில் அந்நோய் கடியபட்டணம் கரையில் வீடு வீடாக ஏறியபோது, செசிலிக்குச் சாமியார் வந்து, சாகக் கிடப்பவர்களுக்குப் பூசும் அவஸ்தை எண்ணெயைப் பூசிவிட்டுப் போனார். அவள் பிழைத்தது எப்படி என்று யாருக்கும் தெரியாது.

"சொல்லுதேன்னு கோவிக்காண்டாம்" என்றாள் வியாகுலம்மாள். "ஆம்பளைக்குப் பெண்டாட்டிய கண்டு அறப்பு, அருவருப்பு வந்தா வாயால சொல்லமாட்டான். இப்படித்தான் தள்ளி வைப்பான்."

செசிலி கைகளை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள்.

மறுநாள் வியாகுலம்மாள் அகப்பையைத் தன் கையில் எடுத்துக்கொண்டாள். அவள் வைத்த கறியைக் கபிரியேல் தின்றான். முகத்தைச் சுளித்துக்கொண்டு தின்றான் என்றாலும், தின்றான்! செசிலிக்கு அதுவரை இருந்த கொஞ்ச நம்பிக்கையும் அன்று போயிற்று. மீன் வேண்டாமென்றால் ஒரு கணக்கு. அம்மா வைத்தால் வேண்டும், பெண்டாட்டி வைத்தால் வேண்டாமென்றால் அது வேறு கணக்கல்லவா?

ஆனால் மற்றக் காரியங்கள் அந்தக் கணக்கில் அடங்கவில்லை. அவள் தண்ணீர்க் குடத்தைத் தூக்கினால் ஓடிவந்து வாங்கிக்கொண்டான். இரவில் இருமினால் எழுந்து உட்கார்ந்தான். சந்தையிலிருந்து அவளுக்கு வளையல் வாங்கி வந்தான், அதுவும் இரண்டு அளவு பெரிதாக. பிறகு அவள் கை பட்ட கறிச்சட்டியைக் கண்டால் பேயைக் கண்டவன்போல் விலகினான். இவனை என்னவென்று எடுத்துக்கொள்வது?

அது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்திரண்டாம் வருஷத்துத் தபசு காலம். சாம்பல் புதனிலிருந்து பாஸ்குத் திருநாள் வரை, நாற்பது நாள், ஒவ்வொருவரும் தமக்குப் பிடித்த ஒன்றை விட்டு நோன்பிருப்பார்கள். பெண்களின் தபசு அடுப்பிலேயே தெரிந்துவிடும். ஆண்களுடையது ரகசியம். செய்கிற தபசைப் பிறர் மெச்சக் காட்டக் கூடாதென்று பங்குச் சாமியார் பிரசங்கித்திருந்தார். பெண்டாட்டியிடம் சொன்னால்கூட நேர்ச்சை முறிந்துபோகும் என்று கரையின் ஆண்கள் அதை எடுத்துக்கொண்டார்கள். மாமனார் சிலுவைதாசன் மூக்குப்பொடியை விட்டிருந்தார். "நான் ஒண்ணும் விடல்ல" என்று, யாரும் கேட்காமலேயே, வீடெங்கும் சொல்லிக்கொண்டு திரிந்தார்.

மருமகள் தினமும் அடுக்களை மூலையில் அழுவது வியாகுலம்மாளுக்குப் பொறுக்கவில்லை. முட்டத்திலிருந்த செசிலியின் அண்ணன் யேசுரத்தினத்துக்கு ஆள் அனுப்பினாள். அவன் வந்தபோது செசிலி துணிகளை மூட்டையாகக் கட்டி முடித்திருந்தாள்.

கபிரியேல் கரையிலிருந்து ஓடிவந்தான்.

"அளியா! எனக்க தங்கச்சியிட்ட என்ன குற்றம் கண்டீரு? வாயத் தொறந்து சொல்லும்!" என்றான் யேசுரத்தினம்.

"குற்றமா... அவளிட்ட ஒரு குற்றமும் இல்ல."

"பின்ன அவ கையால ஏன் திங்கமாட்டீரு? வைசூரி வந்த கைன்னுதானே?"

"யாரு சொன்னா!" கபிரியேலின் குரல் உடைந்தது. "அளியா... பாஸ்கு வரைக்கும் பொறும்... அதுக்குப் பொறவு..." என்று தொடங்கியவன் சட்டென்று உதட்டைக் கடித்துக்கொண்டான்.

வியாகுலம்மாள் நெஞ்சில் அடித்துக்கொண்டாள். "கேட்டியளா! இவள அனுப்பதுக்கு நாளும் குறிச்சாச்சு! எனக்க வயித்துல இப்படியும் ஒருத்தன் பிறந்தானே!"

செசிலி அவனைப் பார்த்தாள். அவனுடைய கை, கழுத்துக் கயிற்றில் மாதா படத்தோடு கிடந்த உத்தரியத்தைப் பிடித்திருந்தது. கண்கள் அடுப்பின்மேல் மூடியிருந்த சட்டியில் நின்றன. அண்ணன் வருகிறானென்று அன்று அவள் வைத்த கறி. நிறைந்த வலைமடி கரைக்கு வரும் நேரத்தில் கிழிந்து, மீனெல்லாம் கடலுக்குத் திரும்புவதைப் பார்க்கிறவனின் முகம் அது. அறப்புக் கொண்டவன் அப்படிப் பார்ப்பானா?

அவளுக்கு விளங்கியது. சாம்பல் புதனன்றுதான் அவன் முதலில் சட்டியைத் தள்ளினான். தனக்கு அவஸ்தை பூசிய அன்று அவன் கோட்டாறு சவேரியார் கோயிலுக்கு நடந்தே போனதாகச் சொல்லியிருந்தார்கள்.

கேட்டுவிடலாம் என்று நாக்குவரை வந்தது. கேட்டால் அவன் பொய் சொல்லவேண்டும், இல்லையென்றால் மெய் சொல்லவேண்டும். எதைச் சொன்னாலும் அவன் இத்தனை நாள் காத்தது வீணாகும்.

"அண்ணா, நான் வரல்ல" என்றாள்.

"ஏட்டி! நீதானே இப்பம் அழுதுட்டு நின்ன?"

"இப்பம் அழல்ல. நீ கஞ்சி குடிச்சிட்டுப் போ."

யேசுரத்தினம் தங்கையைப் பார்த்தான், மச்சானைப் பார்த்தான், கடைசியில் சிலுவைதாசனைப் பார்த்தான்.

"நான் ஒண்ணும் விடல்ல" என்றார் அவர்.

"இந்த வீட்டுல எல்லாருக்கும் என்னத்தப் பிடிச்சிருக்கு!" என்று துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு அவன் நடந்தான்.

அதன் பிறகு செசிலி கேட்டதெல்லாம் ஏச்சுத்தான். "அண்ணன் வந்து கூப்பிட்டும் போகாத மானங்கெட்டவ!" என்று வியாகுலம்மாள் கிணற்றடியில் நான்கு பெண்கள் கேட்கச் சொன்னாள். செசிலி தலையைக் குனிந்து மீனை அரிந்து கொடுத்தாள், அகப்பையைத் தொடவில்லை. இரவில் சில வேளை தான் நினைத்தது தவறோ என்று எழுந்து உட்கார்ந்தாள். கபிரியேலோ ஒன்றும் அறியாதவன்போல் குறட்டை விட்டான்.

பாஸ்குப் பூசை முடிந்து வீடு திரும்பியதும் வியாகுலம்மாள் ஆட்டுக்கறியை அடுப்பில் ஏற்றினாள். ஊரே இறைச்சி மணத்தது. கபிரியேலைக் காணவில்லை. வெயில் ஏறியபின் புது வேட்டி நனைந்து காலில் ஒட்ட வந்து நின்றான். கையில் தூண்டிலும், ஓலை ஈர்க்கில் கோத்த கலவா மீன்களும் இருந்தன. திருநாளும் அதுவுமாகப் பாறையில் உட்கார்ந்து பிடித்திருக்கிறான்!

அம்மாவைத் தாண்டிப் போய் மீனைச் செசிலியிடம் நீட்டினான்.

"ஏட்டி... கறி வைப்பியா?"

"ஏலே, ஆட்டுக்கறி கிடக்குல்லா!" என்றாள் வியாகுலம்மாள். "இவ கை உனக்கு அறப்புன்னுல்லா..."

"அறப்பா?" அவன் திகைத்து நின்றான். "அம்மா, இவ சாவக் கிடக்கும்போ நான் சவேரியாரிட்ட நேர்ந்துகிட்டேன். இவ எழும்பி நடந்தா, ஒரு தபசு முழுக்க இவ கையால வைக்க மீன்கறியத் தொடமாட்டேன்னு. எனக்கு அதைவிடப் பெருசா விடதுக்கு வேற என்ன இருக்கு? உனக்க கறிக்கு நேர்ச்சை கிடையாது, அதான் தின்னேன். அதுவும் ஒரு தபசுதான்."

வியாகுலம்மாளின் கையிலிருந்து அகப்பை நழுவியது. அவள் மருமகள் பக்கம் திரும்பினாள்.

"ஏட்டி... நீ இத அறிஞ்சியா?"

"அண்ணன் வந்த அன்னைக்கு அறிஞ்சேன் மாமி."

"அப்பம் நான் ஊரு கேக்க ஏசும்போ ஏன் வாய் தொறக்கல்ல?"

"சொன்னா நேர்ச்சை முறிஞ்சு போவும்லா..."

"எனக்க மக்கா! எனக்க நாக்கு புழுத்துப் போவாதா!" என்று வியாகுலம்மாள் அவள் கைகளைப் பற்றி, வடு வடுவாக முத்தமிட்டாள். செசிலி அந்தத் தோளில் சாய்ந்தாள். அண்ணன் போன நாள்முதல் அடக்கிய அழுகை அப்போதுதான் வந்தது.

கபிரியேலுக்கு ஒன்றும் புரியவில்லை. நேர்ச்சை முடிந்தது, அவள் உயிரோடு இருக்கிறாள், மீனும் வந்துவிட்டது. இதில் அழ என்ன இருக்கிறது? மீனை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றினான். கடைசியில் அப்பாவைப் பார்த்தான். அவரும் கையை விரித்தார்.

"அழுது முடிஞ்சா சொல்லுங்க" என்றான். "நான் மாங்கா பறிச்சிட்டு வாறேன்."