எல்லைக் கல்லுக்கு இந்தப் பக்கம்

செல்போன் அலறியது!

காலை ஆறு பத்து. இன்ஸ்பெக்டர் பன்னீர்செல்வம் வாயில் பற்பசை நுரையோடு எடுத்தார்.

"சார்... ஏட்டு குமார் பேசறேன். திருவிடந்தை பீச்சாண்ட ஒரு பாடி கீது சார்!"

"யாரு?"

"வெளிநாட்டுக்காரன் சார். ரிசார்ட்டுல ஏதோ மாநாடுன்னு வந்து தங்கிகினு கீறாங்களே... அவுங்க ஆளு."

பன்னீர்செல்வம் நுரையைத் துப்பினார். சனிக்கிழமை ஒழுங்காக விடிந்ததாக அவருக்கு நினைவே இல்லை.

பதினெட்டு நிமிடத்தில் ஜீப் மணலில் போய் நின்றது.

குப்புறக் கிடந்தான். முப்பது வயதிருக்கும். விலை உயர்ந்த வெள்ளைச் சட்டை. பின்மண்டை உடைந்து ரத்தம் மணலில் ஊறிக் கறுத்திருந்தது.

வலது கை எதையோ இறுக்கிப் பிடித்திருந்தது.

குமார் பக்கத்தில் வந்து குரலைத் தாழ்த்தினார்.

"சார்... அந்தாண்ட ஒரு கல்லு தெரியுதா? அதான் நம்ம லிமிட்டு. கல்லுக்கு அப்பால பக்கத்து ஸ்டேஷன். பாடி கல்லுலேர்ந்து ஆறடிதான் இந்தாண்ட கீது..."

"அதனால?"

"நீங்க சும்மா கடலைப் பாத்துகினு நில்லுங்க. நாங்க ரெண்டு பேரு தூக்கி அந்தாண்ட வெச்சிடறோம். இன்னாத்துக்கு சார் நமக்கு பேஜாரு?"

"தொட்டா கையை ஒடைச்சிடுவேன்!"

"நாம மட்டும் யோக்கியமா இருந்தா ஆச்சா? மணலைப் பாருங்க சார்!"

பார்த்தார்.

இரண்டு கோடுகள்! கால்கள் இழுபட்ட கோடுகள். கல்லுக்கு அந்தப் பக்கம் இருபதடியில் தொடங்கி, கல்லைத் தாண்டி, பிணத்தின் காலடியில் வந்து முடிந்தன.

பன்னீர்செல்வத்துக்குக் கொதித்தது. கரை ஒதுங்கும் பிணத்தை ராவோடு ராவாக அடுத்தவன் எல்லைக்குத் தள்ளிவிட்டு, காலையில் ஒன்றும் தெரியாதவன் மாதிரி டீ குடிப்பது அவர் சர்வீஸில் பார்த்துச் சலித்த சங்கதி.

"கோதண்டராமன் வேலை!" என்றார் பல்லைக் கடித்துக்கொண்டு. பக்கத்து ஸ்டேஷன் இன்ஸ்பெக்டர் அவர்.

"பின்ன யாரு சார்? போன வருஷம் ஒண்ணு தள்ளினாரே!"

"தள்ளிட்டுப் போறான். நம்ம லிமிட்ல கிடக்கு, நம்ம கேஸு. எழுதுய்யா!"

குமார் தலையில் அடித்துக்கொண்டு எழுதினார். இருபத்திரண்டு வருட சர்வீஸில் பதினான்கு மாற்றல் வாங்கிய மனிதரிடம் வேறென்ன பேச முடியும்? மேலதிகாரி போனில் ஏதாவது சொன்னால், "எழுத்துல குடுங்க சார்" என்பார் பன்னீர்செல்வம். அடுத்த வாரம் எழுத்தில் வரும்... மாற்றல் உத்தரவு!

செத்தவனின் விரல்களைப் பிரித்தார்கள்.

உள்ளே ஒரு பேனா. தங்க மூடியில் இரண்டு எழுத்து... ல. ரா.

"யாருய்யா இது, ல. ரா?"

குமாருக்கு முகம் வெளுத்துவிட்டது.

"லட்சுமணன் ராம்சாமி சார்... அந்த நாட்டு அதிபரு!"

பெல்மாரா என்று இந்துமகா சமுத்திரத்தில் ஒரு சின்னத் தீவு நாடு. கரும்பு வெட்ட ஒரு காலத்தில் கருங்குழிப் பக்கத்திலிருந்து கப்பலேறிய குடும்பத்தின் பேரப்பிள்ளைதான் லட்சுமணன் ராம்சாமி. அங்கே நிதித்துறையில் குமாஸ்தாவாக நுழைந்து, முப்பத்திரண்டு வருடத்தில் செயலாளர் வரை வந்தவர்.

இரண்டு மாதத்துக்கு முன் அதிபர் மாரடைப்பில் போய்விட்டார். கட்சிகள் நாற்காலிக்கு அடித்துக்கொண்டன. தேர்தல் வரைக்கும் ஒரு பொம்மை உட்காரட்டும் என்று இவரைத் தற்காலிக அதிபராக உட்கார வைத்தார்கள்.

பொம்மை, சொன்னதைக் கேட்கவில்லை!

ரிசார்ட்டின் முன்னறையில் அவர் நின்றுகொண்டிருந்தார். அறுபது வயது. ஒல்லி. இந்த வெயிலிலும் பழுப்புக் கோட்டு. பக்கத்தில் சூட்கேஸ்.

"மார்செல் என் அந்தரங்கச் செயலாளர். நல்ல பையன்..." அவர் தமிழ், ஞாயிற்றுக்கிழமைப் பள்ளியில் படித்த தமிழ். "யார் இப்படிச் செய்தார்கள், இன்ஸ்பெக்டர் ஐயா?"

பன்னீர்செல்வம் பேனாவை நீட்டினார். பிளாஸ்டிக் உறைக்குள் இருந்தது.

"இது உங்களுதா சார்?"

"ஆம்... நேற்று மாலையிலிருந்து காணவில்லை!"

"நேத்து டின்னர்ல அவரோட சண்டை போட்டீங்களாமே?"

"அரசாங்கக் காரில் ஊர் சுற்றப் போனான். கண்டித்தேன். அதற்காகக் கொலையா செய்வார்கள்?"

"சார்... நீங்க ஸ்டேட்மென்ட் குடுக்கணும். செங்கல்பட்டுலேர்ந்து கைரேகைக்காரங்க வரணும். அதுவரைக்கும் நீங்க இங்கயே..."

"ஒன்றரை மணிக்கு என் விமானம்!"

முதல் தடவையாக அந்த மனிதர் குரலை உயர்த்தினார். பிறகு தானே சங்கடப்பட்டு உட்கார்ந்தார்.

"கேளுங்கள், ஐயா. எங்கள் நாட்டில் தற்காலிக அதிபர் ஏழு நாளுக்கு மேல் வெளிநாட்டில் இருந்தால் பதவி போய்விடும். நாளை மாலை ஆறு மணியோடு ஏழு நாள் முடிகிறது. எங்கள் ஊருக்கு வாரத்தில் இரண்டே விமானம். இன்று... அப்புறம் செவ்வாய். எப்படிச் சுற்றிப் போனாலும் திங்கட்கிழமைக்கு முன் போய்ச் சேர முடியாது."

"பதவி போனா என்ன ஆகும்?"

"நாற்காலி சபாநாயகருக்குப் போகும். என் மேஜையில் ஒரு காகிதம் கிடக்கிறது. நாரைத்தீவை ஒரு ஹோட்டல் கம்பெனிக்கு நூறு வருடக் குத்தகைக்கு விடும் காகிதம். அங்கே நானூறு மீனவக் குடும்பங்கள். நான் கையெழுத்துப் போட மறுத்துவிட்டேன். அவர் உட்கார்ந்த நிமிடம் போடுவார்!"

பன்னீர்செல்வம் திரும்பிப் பார்த்தார். ஜன்னலுக்கு வெளியே திருவிடந்தைக் குப்பத்துப் படகுகள் தெரிந்தன.

"இவ்ளோ இருக்கறப்ப நாட்டை விட்டு ஏன் சார் வந்தீங்க?"

"இந்த நிதி மாநாட்டுக்குப் பதினோரு வருடமாக நான்தான் வருகிறேன். நாற்காலி மாறியும் பழக்கம் மாறவில்லை. முட்டாள்தனம்!"

"தனி விமானம் ஏற்பாடு பண்ண முடியாதா?"

அவர் கசப்பாகச் சிரித்தார்.

"தலைவர்கள் யாரும் தனி விமானம் எடுக்கக்கூடாது என்று போன மாதம் உத்தரவு போட்டவனே நான்தான், ஐயா."

செல்போன் அடித்தது. மேலதிகாரி!

"பன்னீர்! அந்த ஆளை அனுப்பிவைய்யா. ஒரு நாட்டோட தலைவரு! நமக்கெதுக்கு வம்பு?"

"எழுத்துல குடுங்க சார்."

மறுமுனையில் ஒரு கெட்ட வார்த்தை. லைன் கட்!

பன்னீர்செல்வம் திரும்பினார்.

"சார்... உங்களைப் பிடிச்சு வெக்க எனக்கு அதிகாரம் கிடையாது. நீங்க எழுந்து போனா நான் தடுக்க முடியாது. ஆனா செத்தவன் கையில உங்க பேனா இருக்கு. சாட்சி சொல்லாம போனீங்கன்னா, ஓடிட்டாருன்னுதான் நாளைக்குப் பேப்பர்ல வரும். என்ன பண்றீங்க?"

லட்சுமணன் ராம்சாமி கடிகாரத்தைப் பார்த்தார். சூட்கேஸைப் பார்த்தார்.

"சட்டம் என்றால் எல்லாருக்கும் சட்டம். கேள்விகளைக் கேளுங்கள். சீக்கிரம் முடியுங்கள்... கெஞ்சிக் கேட்கிறேன்."

அதிபரின் பாதுகாப்பு அதிகாரி கேப்டன் ரெனே முத்தையன் வாசலில் விறைப்பாக நின்று கேட்டுக்கொண்டிருந்தான். சென்னையில் இரண்டு வருடம் ராணுவப் பயிற்சி எடுத்தவன். தமிழ் சரளமாக வரும்.

"இது அநியாயம் இன்ஸ்பெக்டர்!" என்று அவன்தான் எல்லாரையும்விட அதிகமாகக் கத்தினான்.

விசாரணை ஆரம்பித்தது. ரிசார்ட் கொடுத்த பட்டியலை எடுத்து, மேலிருந்து கீழாக ஒவ்வொரு பெயராகக் கூப்பிட்டார் பன்னீர்செல்வம். மொத்தம் நாற்பத்தொரு பேர். ஒருவரைத் தாண்டி இன்னொருவரைக் கூப்பிடுகிற பழக்கமே அவருக்குக் கிடையாது. வரிசை கலைந்தால் கோர்ட்டில் வக்கீல் கிழிப்பான் என்பார்.

பத்து மணி... பதினொன்று... பன்னிரண்டு...

லட்சுமணன் ராம்சாமி சூட்கேஸின் கைப்பிடியை விடவேயில்லை.

மணி ஒன்று முப்பத்தெட்டு. கடலுக்கு மேல், தூரத்தில், ஒரு விமானம் இரைந்துகொண்டு ஏறியது.

அவர் கை சூட்கேஸிலிருந்து மெல்ல விலகியது.

ஒன்று ஐம்பதுக்குக் கைரேகை நிபுணர் வந்து உதட்டைப் பிதுக்கினார்.

"பேனாவுல ஒரு ரேகைகூட இல்ல சார். சுத்தமா தொடைச்சிருக்கு. செத்தவன் விரல் பட்ட இடத்துல மட்டும் லேசா இருக்கு."

பன்னீர்செல்வத்துக்குச் சுரீரென்றது. கொன்றவனே தன் பேனாவைத் துடைத்துப் பிணத்தின் கையில் கொடுத்துவிட்டுப் போவானா?

"குமார்! இன்னும் யாரு பாக்கி?"

"கடைசிப் பேரு சார். ரூம் கூட்டற எல்லம்மா. காத்தாலேர்ந்து உள்ள வுடு உள்ள வுடுன்னு ஒரே ரகளை. நீங்கதான் வரிசைப்படி வுடணும்னீங்க."

எல்லம்மாள் உள்ளே வந்தாள். வந்த வேகத்தில் பொரிந்தாள்.

"இன்னா சார் நீ? எட்டு மணிலேர்ந்து நின்னுகினு கீறேன்! அஞ்சரைக்கு அந்த கேப்டனு தோட்டத்துக் கொழாயில பூட்ஸ் கய்விகினு இருந்தான். தண்ணி செவப்பா ஓடிச்சு சார்! இன்னாப்பான்னேன். மீன் வெட்னேன்னான். பெரிய ரிசார்ட்டுல வந்து தங்கிகினு எவனாவது மீன் வெட்டுவானா?"

பன்னீர்செல்வம் எழுந்துவிட்டார். கோதண்டராமன் எண்ணைப் போட்டார்.

"யோவ்! இன்னிக்குக் காலையில பாடிய எங்க லிமிட்டுக்குத் தள்ளினியா இல்லியா? உண்மையைச் சொல்லு!"

"எந்த பாடிய்யா? நான் மூணு நாளா லீவு. கருங்குழியில மச்சினன் கல்யாணம். மேளச் சத்தம் கேக்குது பாரு!"

கேட்டது.

அந்தக் கோடுகளை ஒரு விநாடி நிதானமாகப் பார்த்திருந்தால்! பூட்ஸ் தடம் இருந்திருக்கும். அளவெடுத்திருக்கலாம். பக்கத்து ஸ்டேஷன்காரன் புத்தி என்று முடிவு கட்டிவிட்டு, வேடிக்கை பார்க்க வந்த கும்பலை மிதிக்க விட்டுவிட்டார். போலீஸ்காரனுக்கு மட்டும்தான் அப்படித் தோன்றும்!

ரெனே முத்தையன் தன் அறையில் ஜூஸ் குடித்துக்கொண்டிருந்தான்.

"நீதானே?"

"ஆமா" என்றான் சாவகாசமாக. சட்டைப் பையிலிருந்து சிவப்புப் பாஸ்போர்ட்டை எடுத்து மேஜையில் வைத்தான். "தூதரகப் பாதுகாப்பு இருக்கு இன்ஸ்பெக்டர். எங்க நாட்டு மந்திரிசபை எழுத்துல அனுமதிச்சாதான் என்னைத் தொட முடியும்; அது திங்கட்கிழமைக்கு முன்னால கூடாது. நாளைக்கு ஆறு மணிக்கு அந்த நாடு யார் கையில இருக்கும்னு உங்களுக்கே தெரியும்."

"அந்தப் பையன் என்னடா பண்ணான்?"

"ஒண்ணும் பண்ணல. யாராவது ஒருத்தர் சாகணுமே! பெரியவரைக் கொன்னா எங்க ஜனங்க தெருவுக்கு வந்துடுவாங்க. அவர் ஒரு விமானத்தைத் தவறவிட்டா போதும்."

"கல்லுக்கு அந்தப் பக்கம் கொன்னுட்டு இங்க ஏன் இழுத்தே?"

ரெனே சிரித்தான். உண்மையிலேயே ரசித்துச் சிரித்தான்.

"வந்த நாள்லேர்ந்து இதைத்தான் விசாரிச்சேன் இன்ஸ்பெக்டர். அந்த ஸ்டேஷன்ல ஒரு போன் வந்தா போதும், அதிபரை மாலை போட்டு அனுப்பி வெச்சிருப்பாங்க. யாருக்கும் வளைய மாட்டாரு, மந்திரியே சொன்னாலும் விட மாட்டாருன்னு ஒருத்தர் வேணுமே? டீக்கடை, மீன் மார்க்கெட், ஆட்டோ ஸ்டாண்டு... கேட்ட இடத்துல எல்லாம் ஒரே பேரைச் சொன்னாங்க. உங்க பேரு!"

பன்னீர்செல்வம் அவன் கன்னத்தில் ஓங்கி ஓர் அறை விட்டார். பதினைந்தாவது மாற்றலுக்கு அது போதும். மனசு ஆறவில்லை.

ஞாயிறு மாலை ஆறரைக்கு ஸ்டேஷனில் ஃபேக்ஸ் கிறீச்சிட்டது. குமார் கிழித்தெடுத்துக்கொண்டு வந்தார்.

பெஞ்சில் பன்னீர்செல்வமும் லட்சுமணன் ராம்சாமியும் உட்கார்ந்திருந்தார்கள். பாலா டீக்கடை டீ ஆறிப்போயிருந்தது.

"என்ன வந்திருக்கிறது?" என்றார் முன்னாள் தற்காலிக அதிபர்.

"பெல்மாரா புது அதிபரு அனுப்பிகீறாரு சார். கொலை விசாரணையில யாருக்கும் வளைஞ்சு குடுக்காம கடமை செஞ்சதுக்கு... நம்ம சாருக்கு அந்த நாட்டு நேர்மைப் பதக்கமாம்!"

பன்னீர்செல்வம் முகத்தைக் கைகளில் புதைத்துக்கொண்டார். அழுகிறாரா என்று யாரும் எட்டிப் பார்க்கவில்லை.

லட்சுமணன் ராம்சாமி அவர் தோளில் கை வைத்தார். "உங்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை, ஐயா. உங்கள் இடத்தில் நான் இருந்தாலும் என்னை விட்டிருக்க மாட்டேன்."

குமாரால்தான் பொறுக்க முடியவில்லை.

"இருபத்திரெண்டு வருசமா ஒரு டீகூட ஓசியில குடிக்கலன்னு பேரு எடுத்தீங்களே சார்... எவன் கையிலயாவது ஒரு அம்பது ரூபா வாங்கித் தொலைச்சிருந்தீங்கன்னா, நானூறு குடும்பம் அவுங்கவுங்க வூட்ல இருந்திருக்குமே சார்!"